வரி பாக்கியில் போன பண்ணைகள்

அமெரிக்க உள்நாட்டுப் போரைப் பற்றி நம்மிடையே பேச்சு வந்தால் மூன்று வரியில் முடிந்துவிடும். வடக்கு வென்றது, அடிமைமுறை ஒழிந்தது, தெற்கின் பண்ணையார்கள் அழிந்தார்கள். முதல் இரண்டிலும் சந்தேகம் இல்லை. மூன்றாவதை என்னால் முழுதாக ஒத்துக்கொள்ள முடிந்ததே இல்லை. போர் முடிந்து ஐந்தாண்டு கழித்து அலபாமா, மிசிசிப்பி பக்கத்துப் பருத்தி நிலங்களைப் பார்த்தால், அவற்றில் பெரும்பகுதி பழைய குடும்பங்களின் பெயரிலேயே இருக்கிறது. அவர்கள் நொடித்துப் போயிருந்தார்கள், கடனில் மூழ்கியிருந்தார்கள், பிள்ளைகளைப் போரில் பறிகொடுத்திருந்தார்கள். நிலம் மட்டும் கையை விட்டுப் போகவில்லை. அது போதுமானதாக இருந்தது. முந்தைய அடிமைகள் அதே வயலில் வாரக்குடிகளாக இறங்கி, ஆண்டு முடிவில் அதே வீட்டு வாசலில் கணக்குக்கு நின்றார்கள்.

ஒரு சின்ன இடத்தில் மட்டும் கதை வேறு மாதிரிப் போனது. தெற்குக் கரோலினாவின் கடலோரத்தில், பியூஃபர்ட் ஊரைச் சுற்றிய தீவுகளில், பண்ணையார் வர்க்கம் வேரோடு போனது. செயின்ட் ஹெலினா, லேடீஸ், போர்ட் ராயல் தீவுகளில் தலைமுறை தலைமுறையாகக் கோலோச்சியவர்களின் நிலம் அவர்களுடைய அடிமைகளின் பெயருக்கு மாறியது, மாறியது மாறியதுதான். ஆனால் போர்ட் ராயல் கழிமுகத்துக்கு வடகிழக்கே இருக்கும் எடிஸ்டோ தீவில் அதே ரகப் பருத்தி, அதே வகைப் பண்ணையார்கள், வடக்கின் படைக்கு அஞ்சி அதே வாரத்தில் அதே ஓட்டம். அங்கே மட்டும் போர் முடிந்த கையோடு பழைய உடைமையாளர்கள் திரும்பி வந்து நிலத்தை மீட்டுக்கொண்டார்கள். இந்த வேறுபாடு ஏன் என்பதற்குப் போர்க்கள வரலாறுகளில் பதில் கிடைக்காது. அது ஒரு வரிச் சட்டத்தில் இருக்கிறது.

துடுப்புப் போட ஆள் இல்லாத நாள்

முதலில் அந்தப் பண்ணையார்களின் சொத்து எதில் இருந்தது என்பதைப் பார்க்க வேண்டும். 1860 கணக்கெடுப்பின்படி அமெரிக்காவில் அடிமைகள் ஏறத்தாழ 39.5 லட்சம் பேர். தெற்குக் கரோலினாவின் 7,03,708 மக்களில் 4,02,406 பேர் அடிமைகள். பியூஃபர்ட் மாவட்டத்தில் நூற்றுக்கு 81 பேர். ஒரு பண்ணையின் மதிப்பைக் கணக்கிட்டால் நிலம், வீடு, மாடு, எந்திரம் எல்லாவற்றையும் கூட்டினாலும் மனிதர்கள் மேல் போட்ட விலைதான் அவற்றை விஞ்சி நிற்கும். கடனும் அவர்களை ஈடுகாட்டித்தான் கிடைத்தது. சார்ல்ஸ்டனில் இருந்த பருத்தித் தரகர் அடுத்த வெள்ளாமைக்கு முன்பணம் கொடுத்தது அந்த நம்பிக்கையில்தான்.

அந்தத் தீவுகளின் பருத்தியும் தனி ரகம். கறுப்புக் கொட்டை, ஒன்றரை அங்குலத்துக்கும் நீளமான பட்டு போன்ற இழை. மெல்லிய துணிக்கும் லேஸுக்கும் இங்கிலாந்தின் லங்காஷயர் ஆலைகள் சாதாரணப் பஞ்சைவிடப் பல மடங்கு விலை கொடுத்து வாங்கின. ரம்பப் பல் வைத்த ஜின்னில் போட்டால் இந்த இழை அறுந்துபோகும். காலால் மிதிக்கும் உருளை ஜின்னில்தான் கொட்டை நீக்க வேண்டும். உப்பங்கழிச் சேற்றை வெட்டிச் சுமந்து உரமாகப் போட வேண்டும். ஆகஸ்டில் தொடங்கும் எடுப்பு டிசம்பர் வரை நீளும். எடுத்த பஞ்சை வெயிலில் உலர்த்தி, பழுப்பும் தூசும் கையால் பொறுக்கி, தரம் பிரித்து, உருண்டைச் சாக்கில் மிதித்து அடைக்க வேண்டும். வேலை அளவு கால் ஏக்கர் கணக்கில் பிரிக்கப்பட்டிருந்தது. அன்றைய கால் ஏக்கரை முடித்தவர் மீதிப் பொழுதில் தன் சொந்தக் கொல்லையில் கிழங்கும் சோளமும் போட்டுக்கொள்ளலாம். மேற்பார்வை பெரும்பாலும் அடிமைகளிலேயே ஒருவரான கங்காணியிடம். பண்ணையார் குடும்பங்கள் கோடை முழுவதும் மலேரியாவுக்குப் பயந்து ஊருக்குள் போய்விடும். ஆக, அந்தப் பருத்தியை விளைவிக்கத் தெரிந்தவர்கள் யார் என்பது இரு தரப்புக்கும் தெரிந்தே இருந்தது.

1861 நவம்பர் 7, வியாழக்கிழமை. ஃபிளாக் ஆபீசர் சாமுவேல் டூ பாண்ட் தலைமையில் வடக்கின் கடற்படை போர்ட் ராயல் கழிமுகத்துக்குள் நுழைந்தது. வாயிலின் இரு பக்கமும் இரண்டு மண் கோட்டைகள்: ஹில்டன் ஹெட்டில் ஃபோர்ட் வாக்கர், எதிரே பே பாயின்டில் ஃபோர்ட் பியூரகார்ட். கப்பல்கள் நிற்காமல் நீள்வட்டமாகச் சுற்றிச் சுற்றி வந்து சுட்டன. காலை ஒன்பதரைக்குத் தொடங்கிய சண்டை பிற்பகல் இரண்டு மணிவாக்கில் முடிந்துவிட்டது. கோட்டைகளைக் காத்த தெற்குத் தளபதி தாமஸ் டிரேட்டன், ஹில்டன் ஹெட்டிலேயே பண்ணை வைத்திருந்தவர். அவரைச் சுட்ட கப்பல்களில் ஒன்றான போகஹாண்டஸின் தலைவர் அவருடைய சொந்தத் தம்பி பெர்சிவல் டிரேட்டன். மறு ஆண்டு, அண்ணனின் பண்ணை நிலத்தில் முந்தைய அடிமைகள் மிட்செல்வில் என்று ஒரு ஊரையே கட்டி, தங்கள் நிர்வாகிகளைத் தாங்களே தேர்ந்தெடுத்து, பிள்ளைகளுக்குப் பள்ளியைக் கட்டாயமாக்கினார்கள்.

பீரங்கிச் சத்தம் கேட்டதும் பியூஃபர்ட் காலியானது. அங்கேதான் பண்ணையார்களின் வீழ்ச்சி தொடங்குகிறது என்பேன். லிங்கனின் விடுதலைப் பிரகடனத்துக்கு ஓராண்டுக்கு மேல் முன்பாகவே. அவர்கள் நினைத்தது, வீட்டை விட்டுப் போனாலும் ஆட்களைக் கூட்டிக்கொண்டு உள்நாட்டுக்குப் போய்விடலாம் என்று. வடக்கத்தியர் வந்தால் உங்களைப் பிடித்துக் கியூபாவில் விற்றுவிடுவார்கள் என்று மிரட்டிப் பார்த்தார்கள். சில இடங்களில் வர மறுத்தவர்களைச் சுட்டதாகவும் அன்றைய அறிக்கைகள் சொல்கின்றன. லேடீஸ் தீவில் அன்று சிறுவனாக இருந்த ஒருவர் 1930களில், முதியவராகி, சொன்ன நினைவு இது: பண்ணையார் வந்து அப்பாவைத் துடுப்புப் போடச் சொல்கிறார், சார்ல்ஸ்டனுக்குப் படகில் தப்பிப் போக. அம்மா குறுக்கே நிற்கிறாள். நீ எங்கேயும் துடுப்புப் போட்டுப் போக வேண்டாம், பின்வாசல் வழியே போ, போய்க்கொண்டே இரு என்கிறாள். வானம் தெளிவாக இருக்கிறதே, இடி எப்படி இடிக்கிறது என்று கேட்ட மகனிடம், அது இடி இல்லையடா, நமக்கு விடுதலை கொடுக்க வடக்கத்தியர் வந்திருக்கிறார்கள் என்கிறாள்.

ஏறத்தாழ 10,000 பேர் அப்படிப் பின்வாசல் வழியே, சோளக்கொல்லை வழியே, சதுப்பு வழியே நழுவித் தங்கிவிட்டார்கள். பெரிய பீரங்கி வெடித்த நாள் என்றுதான் அந்தத் தீவுகளில் பல தலைமுறைகளுக்கு அந்த நாள் பேசப்பட்டது. இரண்டு நாள் கழித்து நிலவரம் பார்க்க ரகசியமாக வந்த ஒரு பண்ணையார், தன் உறவினர் வீட்டில் அடிமைப் பெண் ஒருத்தி பியானோ முன் உட்கார்ந்து வாசிப்பதைக் கண்டதாகக் கடிதம் எழுதினார். ஜின்களைப் பல பண்ணைகளில் உடைத்துப் போட்டார்கள். இதை வெறும் ஆத்திரம் என்று எழுதுகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. பருத்தி வயலில் அவர்கள் அடுத்து நட்டது சோளமும் வள்ளிக்கிழங்கும். எதை உடைத்தார்கள், எதை விட்டுவைத்தார்கள், எதை நட்டார்கள் என்று பார்த்தால் அதில் ஒரு தெளிவான முடிவு இருக்கிறது.

வடக்கின் நிர்வாகமோ அவர்கள் மறுபடியும் பருத்தி போட வேண்டும் என்றது. இதில் ஒரு பெரிய பிழையும் நடந்தது. வயலில் கிடந்த 1861 விளைச்சலைப் பறிமுதல் செய்த நிதித்துறை ஆட்கள், அதைக் கொட்டை நீக்காமலேயே நியூயார்க்குக்குக் கப்பலேற்றினார்கள். பல்லாண்டு பொறுக்கித் தேர்ந்து காத்த விதையும் பஞ்சோடு போயிற்று. அடுத்த ஆண்டு பழைய விதையைத் தாமதமாக விதைத்து, மகசூல் சொற்பமாகப் போனது. வேலைக்காரர்கள் சோம்பேறிகள் என்று அப்போது எழுதியவர்கள் விதையைப் பற்றி எழுதவில்லை.

மூன்று பேர் கொண்ட ஆணையம்

நிலம் யாருடையது என்ற கேள்விக்கு வருவோம். பண்ணையார்கள் ஓடிவிட்டார்கள், ராணுவம் இருக்கிறது. ஆனாலும் சட்டப்படி நிலம் ஓடிப்போனவர்களுடையதுதான். பறிமுதல் சட்டங்கள் இருந்தன. அவற்றில் ஒவ்வொருவர் மேலும் வழக்குப் போட வேண்டும், தீர்ப்பு வாங்க வேண்டும். அதோடு ஒருவரின் குற்றத்துக்கு அவர் ஆயுள்காலத்துக்கு மட்டுமே நிலத்தை எடுக்கலாம் என்ற தடையும் இருந்தது. அவர் இறந்தால் வாரிசுக்குத் திரும்பிவிடும். வரி பாக்கிக்கு இந்தத் தடை எதுவும் கிடையாது.

1861 ஆகஸ்ட் 5 அன்று, போர்ச் செலவுக்காக, அமெரிக்க நாடாளுமன்றம் 2 கோடி டாலர் நேரடி வரி போட்டு அதை எல்லா மாநிலங்களுக்கும் பிரித்தது. பிரிந்துபோன மாநிலங்களையும் விடவில்லை. அவை பிரியவே இல்லை என்பதுதானே வடக்கின் வாதம். தெற்குக் கரோலினாவின் பங்கு 3,63,570 டாலர். 1862 ஜூன் 7இல் வந்த இன்னொரு சட்டம் இதை எப்படி வசூலிப்பது என்று வகுத்தது. கலகப் பகுதியில் ராணுவம் பிடித்த இடங்களுக்கு மூன்று பேர் கொண்ட வரி ஆணையம் போகும். ஒவ்வொரு நிலத்துக்கும் பழைய மாநில மதிப்பீட்டின்படி வரி பிரிக்கப்படும், அதன் மேல் 50 சதவீதம் அபராதம். ஆணையம் தொகையை அறிவித்த 60 நாளுக்குள் கட்டவில்லை என்றால் நிலம் அரசுக்குப் பறிபோகும், பின் ஏலம். ஏலத்துக்குப் பிறகும் 60 நாள் உண்டு: உடைமையாளர் நேரில் வந்து, அமெரிக்காவுக்கு விசுவாசப் பிரமாணம் எடுத்து, பணம் கட்டி மீட்கலாம்.

எந்தப் பண்ணையார் வருவார்? வர வேண்டுமானால் போர்முனையைத் தாண்ட வேண்டும், தன் சொந்தத் தரப்புக்குத் துரோகம் செய்ய வேண்டும். இந்த ஏலமெல்லாம் செல்லாது, ஜெயித்து வந்து பார்த்துக்கொள்ளலாம் என்ற எண்ணமும் இருந்திருக்கும். பணம் நீட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதற்கு வர்ஜீனியாவின் ஆர்லிங்டன் பண்ணை சாட்சி. தெற்கின் தளபதி ராபர்ட் லீயின் மனைவியுடைய நிலம் அது, வரி 92.07 டாலர். உறவினர் ஒருவர் பணத்தோடு போனார், நேரில் வந்தால்தான் வாங்குவோம் என்று ஆணையம் திருப்பி அனுப்பியது. அந்தப் புள்ளியைப் பிடித்துக்கொண்டே 1882இல் லீயின் மகன் உச்ச நீதிமன்றத்தில் வென்றார், மறு ஆண்டு அரசு 1,50,000 டாலர் கொடுத்து நிலத்தை வாங்க வேண்டியதாயிற்று. அவருக்கு அந்த வாதத்தைக் கொடுத்தது யாரோ ஒருவர் கொண்டுபோய் நீட்டிய அந்தப் பணம்தான். பியூஃபர்ட் தீவுகளில் அப்படி ஒரு கை நீளவில்லை.

ஆணையத்தின் மூவரில் ஒருவர் வில்லியம் ஹென்றி பிரிஸ்பேன். இவரைப் பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். அதே பியூஃபர்ட் மாவட்டத்தில் பிறந்து, அடிமைகளைப் பரம்பரைச் சொத்தாகப் பெற்ற பண்ணையார் வீட்டுப் பிள்ளை. பாப்டிஸ்ட் போதகர். 1830களில் மனம் மாறி, வடக்கே குடிபெயர்ந்து, தான் விற்றிருந்த அடிமைகளைத் திரும்ப விலைக்கு வாங்கி விடுதலை செய்தவர். ஊரார் அவரைத் தங்கள் எதிரியாகவே பார்த்தார்கள். 1863 ஜனவரி 1 அன்று போர்ட் ராயல் தீவின் ஓக் மரங்களடியில் விடுதலைப் பிரகடனத்தை வாசித்தவர் அவரே. இரண்டு மாதம் கழித்து, மார்ச் 9இல் தொடங்கிய ஏலத்தில், தன் சொந்த மாவட்டத்துப் பண்ணையார்களின் நிலங்களுக்கு விலை கூறிய ஆணையத்தில் உட்கார்ந்திருந்தவரும் அவரே.

அந்த ஏலம் எல்லாருக்கும் நியாயமாக நடக்கவில்லை. நிலத்தின் பெரும்பகுதியை அரசே எடுத்துக்கொண்டது; பிப்ரவரியில் வந்த திருத்தம் அதற்கு வழி செய்திருந்தது. பாஸ்டன் முதலீட்டாளர்களின் பிரதிநிதியாக வந்த எட்வர்ட் ஃபில்பிரிக், ஏக்கர் ஒரு டாலர் கணக்கில் 11 பண்ணைகளை வாங்கினார். விடுதலை பெற்றவர்கள் காசைக் கூட்டுச் சேர்த்து வாங்கியது ஏறத்தாழ 2,000 ஏக்கர். கோழி முட்டை விற்ற காசு, ராணுவ முகாமில் துணி துவைத்த காசு, படகில் மீன் கொண்டுபோய் விற்ற காசு இப்படித்தான் அந்தப் பணம் சேர்ந்தது.

அடுத்த ஏலத்தில் இன்னும் மோசம். 1863இன் கடைசி நாளில் வாஷிங்டனிலிருந்து வந்த உத்தரவு, குடியிருப்பவர்கள் ஏக்கர் 1.25 டாலருக்கு 20, 40 ஏக்கர் துண்டுகளை முன்னுரிமையில் வாங்கலாம் என்றது. மக்கள் முளை அடித்து எல்லை குறித்தார்கள், முன்பணம் கட்டினார்கள். ஆணையத்தில் ஒருவரான ஏப்ராம் ஸ்மித் ஆதரித்தார். பிரிஸ்பேனும் மற்றவரும் மறுத்தார்கள். உத்தரவு ரத்தானது. 1864 ஏலத்தில் விலை சராசரியாக ஏக்கர் 11 டாலரைத் தாண்டி, முளை அடித்தவர்கள் கண்ணெதிரே நிலம் வெளியாட்களுக்குப் போனது. அடிமைகளை விடுவிக்கத் தன் சொத்தையே செலவழித்த பிரிஸ்பேனுக்கு, அவர்களுக்கு நிலத்தில் முன்னுரிமை உண்டு என்பது ஏன் புரியவில்லை? இந்தக் கேள்வி எனக்கு ஆறவே இல்லை. இருந்தும் அந்த ஏலங்கள் ஒன்றைச் செய்து முடித்திருந்தன. நிலம் யார் கைக்குப் போனாலும் பழைய பண்ணையாரின் உரிமை அறுந்துவிட்டது. அரசு எடுத்து வைத்த நிலம் பின்னாளில் சிறு துண்டுகளாக விடுதலை பெற்றவர்களுக்கே போக வழி திறந்திருந்தது.

எடிஸ்டோவில் நடந்தது

எடிஸ்டோவிலும் 1861 நவம்பரில் பண்ணையார்கள் ஓடினார்கள். ஆனால் 1862 ஜூலையில் படை தேவை வேறிடத்தில் வந்ததால் வடக்கின் ராணுவம் அந்தத் தீவைக் கைவிட்டு, அங்கிருந்த கறுப்பின மக்களைச் செயின்ட் ஹெலினாவுக்குக் கொண்டுபோயிற்று. ராணுவம் இல்லாத இடத்தில் வரி ஆணையம் இல்லை, ஏலமும் இல்லை. 1865 ஜனவரி 16இல் வடக்கின் தளபதி ஷெர்மன் தன் 15ஆம் எண் கள உத்தரவில் சார்ல்ஸ்டனுக்குத் தெற்கேயுள்ள தீவுகளையும் ஆற்றோர நெல் வயல்களையும் விடுதலை பெற்றவர்களுக்குக் குடும்பத்துக்கு 40 ஏக்கர் வரை ஒதுக்கினார். ஏறத்தாழ 40,000 பேர் குடியேறினார்கள், எடிஸ்டோவிலும்தான். அவர்கள் கையில் கிடைத்தது அனுபவ உரிமைச் சீட்டு. கிரயப் பத்திரம் இல்லை.

லிங்கன் கொல்லப்பட்ட பின் வந்த ஆண்ட்ரூ ஜான்சன் மே 29இல் பொது மன்னிப்பு அறிவித்தார். 20,000 டாலருக்கு மேல் சொத்துள்ளவர்கள் தனியாக விண்ணப்பிக்க வேண்டும் என்றது அது. விண்ணப்பித்தார்கள், மன்னிப்பு தாராளமாகக் கிடைத்தது, மன்னிப்போடு அடிமைகள் நீங்கலாக மற்ற சொத்தெல்லாம் திரும்பியது. செப்டம்பரில் வந்த 15ஆம் சுற்றறிக்கை, தீர்ப்புப்படி விற்கப்பட்டு முடிந்தால் ஒழிய நிலம் பறிமுதலானதாகக் கருதப்படாது என்று தெளிவாக்கியது. வரி ஏலத்தில் விற்ற நிலமும் இந்தத் திருப்பித் தரலில் சேரவில்லை. பண்ணையார்களின் தலைவிதி பிரிந்த இடம் இதுதான். கள உத்தரவை எதிர்த்து ஒரு மன்னிப்புக் கடிதமே போதுமானது. கிரயத்தை எதிர்த்து அது செல்லவில்லை.

அக்டோபரில் இதைச் சொல்ல எடிஸ்டோவுக்குப் போனவர், விடுதலை பெற்றோர் நலத்துறையின் தலைவர் தளபதி ஆலிவர் ஹவார்ட். தேவாலயத்தில் கூட்டம் நிரம்பி வழிந்தது. நிலத்தை ஏன் எங்களிடமிருந்து எடுக்கிறீர்கள் என்று மாடியிலிருந்து ஒருவர் கேட்டார். பழைய உடைமையாளர்களை மன்னித்து, அவர்களோடு ஒப்பந்தம் போட்டு வேலை செய்யச் சொன்னார் ஹவார்ட். ஹென்றி பிராம், இஷ்மயில் மோல்ட்ரி, யேட்ஸ் சாம்ப்சன் மூவரும் மக்கள் சார்பில் எழுதிய பதில் இன்னும் இருக்கிறது. ஹவார்ட் 1862 போரில் வலக்கையை இழந்தவர். அவரிடம் அவர்கள் சொன்னதன் சாரம்: போரில் நீங்கள் இழந்தது ஒரு கையை, உங்களால் மன்னிக்க முடியலாம். என்னை மரத்தில் கட்டி 39 அடி அடித்தவனை, என் தாயையும் தங்கையையும் துணி களைந்து சவுக்கால் அடித்தவனை, அவன் நிலத்தில் அவன் சொல்லும் கூலிக்கு நான் இருந்தாலொழியத் தன் ஒரு வெற்றுக் குடிசையில்கூட என்னை இருக்கவிடாதவனை, என்னால் மன்னிக்க முடியாது. இதைவிடத் தெளிவாக நிலத்தின் அரசியலை யாரும் எழுதிவிடவில்லை.

1866 ஜூலைச் சட்டம் அவர்களுக்கு விட்டுக்கொடுத்தது இவ்வளவுதான்: ஷெர்மன் சீட்டு வைத்திருந்தவர்கள், செயின்ட் ஹெலினா, செயின்ட் லூக் பாரிஷ்களில் (பியூஃபர்ட் பக்கத்து நிர்வாகப் பிரிவுகள்) அரசு கையில் மீந்திருந்த வரி நிலத்தில் 20 ஏக்கர், ஏக்கர் 1.50 டாலருக்கு வாங்கிக்கொள்ளலாம். வரி ஏலம் நடக்காமல் இருந்திருந்தால் அதுவும் இருந்திருக்காது.

திரும்பி வந்தவர்களின் வழக்குகள்

பண்ணையார் குடும்பங்கள் சும்மா இருக்கவில்லை. 1870களில் வழக்கு மேல் வழக்கு. முக்கியமானது ராபர்ட் ஸ்மால்ஸ் மேல் போட்டது. 1839இல் பியூஃபர்ட்டின் பிரின்ஸ் தெருவில் மக்கீ குடும்பத்து வீட்டின் பின்குடிசையில் அடிமையாகப் பிறந்தவர். 1862 மே 13 விடியலுக்கு முன், சார்ல்ஸ்டன் துறைமுகத்திலிருந்து பிளான்டர் என்ற நீராவிக் கப்பலை, குடும்பங்களையும் ஏற்றிக்கொண்டு, தெற்கின் கோட்டைகளுக்குச் சரியான சைகை கொடுத்துக் கடந்து, வடக்கின் கடற்படையிடம் ஒப்படைத்தவர். அந்தப் பிரின்ஸ் தெரு வீட்டை வரி ஏலத்தில் வாங்கினார். மக்கீ பக்கத்து உரிமையைக் கொண்டு டி ட்ரெவில் என்பவர் வழக்குப் போட, அது உச்ச நீதிமன்றம் வரை போனது. 1878இல் தீர்ப்பு ஸ்மால்ஸுக்கு. ஒரு வீட்டுக்கான தீர்ப்பு, தீவுகளில் வரி ஏலத்தில் வாங்கிய அத்தனை பேரின் பத்திரத்துக்கும் கவசமானது. அப்போது அவர் அமெரிக்க நாடாளுமன்ற உறுப்பினர்.

நீதிமன்றத்தில் தோற்றவர்களுக்கு நாடாளுமன்றம் கருணை காட்டியது. அரசு கையில் மீந்த நிலத்தை மீட்டுக்கொள்ள 1872இலேயே வழி விட்டிருந்தது. 1891இல் பழைய வரியையே மாநிலங்களுக்குத் திருப்பிக் கொடுத்து, இந்த இரண்டு பாரிஷ்களின் முந்தைய உடைமையாளர்களுக்குச் சாகுபடி நிலம் ஏக்கருக்கு 5 டாலர் என்று ஈடும் அறிவித்தது. கூலியில்லாமல் உழைத்த தலைமுறைகளுக்கு ஒரு சென்ட் ஈடு எந்தச் சட்டத்திலும் வரவில்லை. இதைப் படிக்கும்போது எனக்கு இன்றும் கோபம் வருகிறது.

செயின்ட் ஹெலினாவில் 10, 20 ஏக்கர் வைத்திருந்தவர்களின் சந்ததியில் பலர் இன்னும் அங்கே இருக்கிறார்கள். கல்லா (Gullah) என்று அழைக்கப்படும் அந்தச் சமூகத்தின் மொழியும் வழக்கங்களும் நிலைத்ததற்குச் சொந்த நிலமும் ஒரு காரணம். இப்போது ஆபத்து வேறு பக்கம். உயில் எழுதாமல் இறந்த பாட்டனின் நிலம் எல்லா வாரிசுகளுக்கும் பிரிக்காத பங்காக இறங்குகிறது, நம் ஊர்க் கூட்டுப் பட்டாவைப் போல. நியூயார்க்கிலோ அட்லாண்டாவிலோ இருக்கும் ஒரு வாரிசின் பங்கை நிலத் தரகர் வாங்கிவிட்டால், அவரும் பங்காளி. அவர் பாகப்பிரிவினை கேட்டு நீதிமன்றம் போவார். துண்டாடினால் மதிப்புக் குறையும் என்று முழு நிலமும் ஏலத்துக்கு வரும். 1956இல் பாலம் வந்த பிறகு ஹில்டன் ஹெட்டில் உல்லாச விடுதிகளும் கோல்ஃப் மைதானங்களும் எழும்பி, நில மதிப்போடு வரியும் ஏறியது. வரிச் சீட்டு செத்துப்போன பாட்டன் பெயருக்கே வந்துகொண்டிருக்கும். யார் கட்டுவது என்பதில் குடும்பம் தடுமாறும்.

2015இல் சார்ல்ஸ்டன் தேவாலயத்தில் சுட்டுக்கொல்லப்பட்ட மாநில மேலவை உறுப்பினர் கிளெமென்டா பிங்க்னியின் பெயரில் 2016இல் ஒரு சட்டம் வந்தது. 2017 முதல், ஒரு பங்காளி விற்பனை கேட்டால், மற்ற வாரிசுகளுக்கு நீதிமன்றம் நிர்ணயிக்கும் விலையில் அவர் பங்கைத் தாங்களே வாங்க முதல் வாய்ப்புக் கிடைக்கிறது. அதற்குக் காசு திரட்ட வேண்டும், வாரிசுப் பட்டியலை நிரூபிக்க வேண்டும். சார்ல்ஸ்டனில் இதற்கென்றே இருக்கும் வாரிசு நிலப் பாதுகாப்பு மையம் குடும்பங்களுக்கு உயில் எழுதவும் பத்திரம் சரிசெய்யவும் உதவுகிறது. வரி பாக்கி ஏலத்துக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. அதில் ஏலம் போன நாளிலிருந்து 12 மாதத்துக்குள் பாக்கியையும் அபராதத்தையும் வட்டியையும் கட்டினால்தான் நிலம் மீளும்.